‘மனசு விட்டுப்போச்சு’ எந்தப் பக்கத்தில் இருக்கிறது? ஒரே சொல்லில் உரசிப் பார்த்த நான்கு அகராதிகள்

“முன்ன மாதிரி இல்ல. கூப்பிட்டா வர்றான், கேட்டா பதில் சொல்றான். ஆனா ஒட்டல.” கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸ் சாப்பாட்டுக் கடையிலும் பினாங்கு லெபோ பாசாரிலும் தினமும் காதில் விழும் பேச்சு இது. சண்டை நடந்த மாதிரித் தெரியாது, வீடு மாறியிருக்க மாட்டார்கள், தீபாவளிக்குப் பலகாரத் தட்டும் வந்து போகும். உள்ளே இருந்த ஈரம்தான் வற்றியிருக்கும். இதைப் பேசிவிடுவது சுலபம். ஒரு கதையிலோ மொழிபெயர்ப்பிலோ ஆலோசனைக் குறிப்பிலோ ஒரே சொல்லாக எழுத வேண்டும் என்றால் கை நின்றுவிடுகிறது.

அகராதி வாங்கப் போகிறவர்கள் கடையிலேயே இந்தச் சொல்லை வைத்துச் சோதிக்கலாம். ‘மரம்’, ‘மாடு’ எந்த அகராதியிலும் சரியாகத்தான் இருக்கும். மனம் தள்ளிப்போவதைச் சொல்லும் சொற்களில்தான் ஓர் அகராதியின் தரம் தெரியும். பார்க்க வேண்டியவை மூன்று. யார் நகர்ந்தார் என்று காட்டுகிறதா? எவ்வளவு தூரம் போயாயிற்று என்று காட்டுகிறதா? சொல் எங்கிருந்து வந்தது என்று காட்டுகிறதா? இங்கே எடுத்துக்கொண்டவை சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன், பெப்ரீசியஸ் அகராதி, க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி ஆகிய மூன்று. நான்காவது, மலாய்ச் சொற்களுக்கு மலேசிய அரசின் மொழி நிறுவனமான டேவான் பஹாசா டான் புஸ்தாகா நடத்தும் பி.ஆர்.பி.எம். தளம். தமிழ்ச் சொல்லுக்கு மலாய்த் தளம் எதற்கு என்பது போகப் போகத் தெரியும்.

முதலில் ஆங்கிலச் சொல்லைப் பார்த்துவிடுவோம், ஏனென்றால் பெரும்பாலும் அதை வைத்துக்கொண்டுதான் தமிழைத் தேடுகிறோம். ‘எஸ்ட்ரேஞ்ச்’ (estrange), அதாவது நெருங்கியவரை மனத்தால் விலகச் செய்வது, 15ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. அதன் மூலம் லத்தீனின் ‘எக்ஸ்ட்ரானியஸ்’, அதாவது வெளியாள். உள்ளே ‘எக்ஸ்ட்ரா’ இருக்கிறது; அதற்கு ‘வெளியே’ என்று பொருள். வீட்டுக்குள் இருந்தவரை வெளியாளாக ஆக்குவது என்பதே சொல்லின் உள்படம். ‘ஏலியனேட்’ இன்னொன்று. அது ‘மற்ற’ என்று பொருள்படும் லத்தீன் ‘ஏலியஸ்’ வழி வந்தது. நம் ‘அந்நியம்’ சமஸ்கிருத ‘அந்ய’ வழி வந்தது, அதற்கும் ‘மற்ற’ என்றுதான் பொருள். வேர்கள் வேறு, யோசனை ஒன்று. ஆனால் ‘அந்நியமாதல்’ என்பதை மார்க்சியக் கட்டுரைகளும் இலக்கிய விமர்சனமும் எடுத்துக்கொண்டு நாளாயிற்று. “அத்தை எங்களிடமிருந்து அந்நியமாகிவிட்டார்” என்று எழுதினால் அத்தை ஏதோ தொழிற்சாலையில் வேலை செய்கிற மாதிரி இருக்கிறது.

தமிழ் லெக்சிகன்

1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்து, பிறகு ஓர் இணைப்புத் தொகுதியும் பெற்ற அகராதி. ஒரு லட்சத்துக்கு மேல் சொற்கள். சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய அகராதித் தளத்தில் இலவசமாகத் தேடலாம். அச்சுத் தொகுதிகளைத் தேடி அலைய வேண்டியதில்லை.

முதல் கேள்விக்கு இதைப்போல் பதில் சொல்லும் அகராதி வேறில்லை. ‘பிரி’யைத் தேடினால் ‘பிரி-தல்’, ‘பிரி-த்தல்’ என்று இரண்டு பதிவுகள் வரும். முன்னது 4ஆம் வகை (வினை திரியும் முறைக்கு லெக்சிகன் போடும் எண்), செயப்படுபொருள் குன்றிய வினை: பிரிகிறான், பிரிந்தான். பின்னது 11ஆம் வகை, செயப்படுபொருள் குன்றா வினை: பிரிக்கிறான், பிரித்தான். தானாகப் போனானா, யாராவது கிள்ளி எடுத்தார்களா என்பதை அந்த எண்ணே சொல்லிவிடும். ‘விலகு’, ‘விலக்கு’ இரண்டும் 5ஆம் வகைதான், அங்கே எண்ணை நம்பக் கூடாது, பக்கத்திலுள்ள குறிப்பைப் பார்க்க வேண்டும். ‘ஒதுங்கு’, ‘ஒதுக்கு’ இணைக்கும் அப்படியே. “அண்ணன் ஒதுங்கிட்டாரு”, “அண்ணன ஒதுக்கிட்டாங்க”: மெல்லெழுத்து வல்லெழுத்தானதும் குற்றம் ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீட்டுக்குப் போய்விடுகிறது. ஆங்கில ‘எஸ்ட்ரேஞ்ச்டு’ இந்த இடத்தில் வாயே திறப்பதில்லை. யார் செய்தது என்று அது சொல்லாது. அதைத் தமிழாக்குகிறவர்தான் முடிவு செய்தாக வேண்டும்.

தேடும்போது தவறுவது பெரும்பாலும் ஓரிடத்தில். பேச்சு வடிவத்தை அப்படியே தட்டினால் ஒன்றும் வராது. ‘ஒதுங்கிட்டான்’ என்பதில் ‘ட்டான்’ என்பது ‘விட்டான்’ என்ற துணைவினையின் தேய்வு, அதைக் கழற்றினால் ‘ஒதுங்கி’, அதிலிருந்து ‘ஒதுங்கு’. ‘பிரிஞ்சு’ என்றால் ‘ஞ்சு’வை ‘ந்து’ ஆக்கி, ‘பிரி’ வரை இறங்க வேண்டும். ‘விட்டேத்தி’யை ‘விட்டேற்றி’ என்று றகரத்தில் தேட வேண்டும். ‘அந்நியம்’ கிடைக்காவிட்டால் ‘அன்னியம்’. ‘மனஸ்தாபம்’ என்று தட்டுகிறவர்கள் கிரந்த எழுத்தில்லாத வடிவத்தையும் ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது. இன்னொரு வழியும் உண்டு. விளக்கங்கள் முதலில் ஆங்கிலத்திலும் பிறகு தமிழிலும் இருப்பதால், தலைச்சொல் தேடலை விட்டு முழுப் பதிவுத் தேடலுக்கு மாறி ஓர் ஆங்கிலச் சொல்லைக் கொடுக்கலாம். ஆனால் 1920களின் ஆங்கிலத்தில் யோசித்துத் தேட வேண்டும். இன்றைய ஆலோசகர்கள் பேசும் ஆங்கிலத்துக்கு அது அசையாது.

பிறப்பைக் காட்டுவதிலும் கை தேர்ந்தது. ‘மனஸ்தாபம்’ சமஸ்கிருதத்தில் மனம், தாபம் என்று பிரியும். தாபம் என்றால் சூடு, எரிச்சல். மனத்துக்குள் எரிவதைச் சொன்ன சொல், தமிழுக்கு வந்ததும் இருவருக்கிடையே உள்ள கசப்பாகிவிட்டது. ‘பிணங்கு’வைத் திறந்து பார்த்தால் இன்னும் சுவை. முரண்படுவது, ஊடுவது என்பவற்றோடு ஒன்றோடொன்று பின்னிக்கொள்வது என்ற பொருளும் அதற்கு உண்டு. மூங்கில் பிணங்கும் காட்டைப் பழைய பாட்டில் பார்க்கலாம். அதாவது பிணக்கில் இருக்கும் இருவர் இன்னும் ஒருவரோடொருவர் சிக்கிக்கொண்டுதான் இருக்கிறார்கள். நாம் தேடுவது சிக்கே அற்றுப்போன நிலை. ஆகவே ‘பிணக்கு’ இங்கே உதவாது. இலங்கைத் தமிழர் ‘தொழிற் பிணக்கு’ என்று எழுதுவது மிகச் சரி: முதலாளியும் தொழிலாளியும் சிக்கிக்கொண்டவர்கள்தானே.

எல்லாவற்றையும்விட, லெக்சிகன் தரும் பெரிய பரிசு ‘நொதுமல்’. அயலாயிருத்தல், விருப்பும் வெறுப்பும் இல்லாதிருத்தல் என்று பொருள். திருக்குறளின் 111ஆம் பாட்டுக்கு உரை எழுதும் பரிமேலழகர், உலகத்தாரைப் பகை, நொதுமல், நட்பு என்று மூன்றாகப் பகுப்பார். அகப்பாட்டுத் துறைகளில் ‘நொதுமலர் வரைவு’ என்று ஒன்று உண்டு. தலைவியைப் பெண் கேட்டு அயலார் வருவது. ‘எஸ்ட்ரேஞ்ச்’ சொல்லும் ‘வெளியாள்’ இவர்தான். நண்ணார், ஒட்டார், ஒன்னார், நள்ளார் என்று ‘சேராதவர்’களைச் சொல்லும் பழஞ்சொற்கள் எல்லாம் பகைவருக்கே போய்விட்டன. சேராதவர் என்றால் பகைவர், நடுவில் இடமில்லை. அந்த நடு இடத்தில் உட்கார்ந்திருக்கும் சொல் நொதுமல். அன்பு போய்விட்டது, பகையும் வரவில்லை: நொதுமலராகிவிட்டார். கவிதையிலும் கட்டுரையிலும் தாராளமாகப் புழங்கலாம். வாட்ஸ்அப்பில் போட்டால் பெரியம்மா ‘நொங்கு’ என்று படித்துவிடும் ஆபத்து உண்டு.

குறை என்றால் பேச்சுத் தமிழ். கொச்சை, வட்டார வழக்கு என்று சில பதிவுகளுக்குக் குறி போட்டிருக்கிறார்கள், ஆனால் அது நூறாண்டுக்கு முந்தைய கொச்சை. எடுத்துக்காட்டுகள் இலக்கியத்திலிருந்து வருபவை. இன்றைக்கு யாராவது இப்படிப் பேசுவார்களா என்று லெக்சிகனைக் கேட்கக் கூடாது.

பெப்ரீசியஸ்

இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1779இல் முதலில் வந்து, பலமுறை திருத்தப்பட்டு, இன்று இணையத்தில் கிடைப்பது தரங்கம்பாடியில் அச்சான 1972ஆம் ஆண்டு நான்காம் பதிப்பு. அதே சிகாகோ தளத்தில் இருக்கிறது. இதன் பலம் அடுக்குமுறை: வேர்ச்சொல்லின் கீழேயே அதன் பிள்ளை குட்டிகளைச் சேர்த்துக் கொடுக்கும், குடும்பத்தை ஒரே பார்வையில் பார்த்துவிடலாம். வினை வகைகளை ரோமன் எண்ணில் போட்டிருப்பதில் ஒரு பொறி இருக்கிறது. லெக்சிகனில் 4, 11 என்று வரும் ‘பிரி’ இங்கே 2, 6 என்று வரும். இரண்டும் வெவ்வேறு வாய்ப்பாடு, ஒன்றின் எண்ணை மற்றதில் பொருத்தினால் வினை தலைகீழாகிவிடும். மேற்கோள் இல்லை. எவ்வளவு தூரம் என்ற கேள்விக்கும் விடை மெலிவு. லெக்சிகனுக்குப் போகுமுன் ஒரு எட்டு பார்க்கலாம், அவ்வளவுதான்.

க்ரியா

முதல் பதிப்பு 1992, இரண்டாவது 2008, மூன்றாவது 2020. தமிழ்–தமிழ்–ஆங்கிலம். காசு கொடுத்து வாங்க ஒன்றே ஒன்று என்றால் இதுதான். காரணம் எடுத்துக்காட்டு வாக்கியங்கள். ஒரு சொல்லின் பொருள் மாறும் இடத்திலெல்லாம் இன்றைய எழுத்துத் தமிழில் ஒரு வாக்கியம் இருக்கும். இந்தச் சொற்களுக்கு அதுதான் உயிர். ‘விலகினார்’ என்று தனியாக எழுதினால் சங்கப் பதவியை விட்டார் என்றுதான் வாசகர் எடுத்துக்கொள்வார். மலேசியத் தமிழ் நாளேடுகளில் ஆண்டுப் பொதுக்கூட்டம் தோறும் யாராவது விலகுகிறார்கள். ‘மனம்’ என்ற முட்டுக் கொடுத்தால்தான் அந்த வினை உள்ளுக்குள் திரும்பும். ‘பாராமுகம்’ என்பதும் அப்படி. முன்பு காதலி காட்டியது, இன்று பெரும்பாலும் அரசாங்கம் காட்டுவது. எந்தச் சொல் யாருடன் சேரும் என்பதை வாக்கியம் இல்லாமல் கற்றுக்கொள்ள முடியாது.

துனி (முற்றிய ஊடல்), நொதுமல் போன்ற பழஞ்சொற்களை இதில் தேடிவிட்டுக் குறை சொல்வது நியாயமல்ல. பெயரிலேயே ‘தற்கால’ இருக்கிறது. சொற்பிறப்பும் அதன் வேலையல்ல. நமக்கு உள்ள வருத்தம் வேறு. இலங்கை வழக்குக்கு அதில் குறியீடு உண்டு, மலேசிய வழக்குக்கு அப்படி ஒன்று இல்லை. முதல் உலகத் தமிழ் ஆராய்ச்சி மாநாடு 1966 ஏப்ரலில் நடந்த ஊர் கோலாலம்பூர். அந்த ஊர் பேசும் தமிழுக்கு அகராதியில் ஒரு குறியீடு இல்லை என்பது கொஞ்சம் உறுத்தத்தான் செய்கிறது.

பி.ஆர்.பி.எம்., ஒரு சிட்டிகை உப்பு

இலவசம். ஒரு மலாய்ச் சொல்லைக் கொடுத்தால் அந்த நிறுவனத்தின் மலாய் அகராதியான காமுஸ் டேவானின் விளக்கம், ஜாவி (அரபு வரிவடிவ) எழுத்து, ஒத்த சொற்கள், பழமொழிகள் எல்லாம் ஒரே பக்கத்தில் வரும். இங்கேயும் முன்னொட்டைக் கழற்றி வேரைத் தேடுவது உத்தமம்: ‘மெராஜுக்’ வேண்டுமென்றால் ‘ராஜுக்’.

அந்த ‘மெராஜுக்’ நம் ஊடலுக்கு அடுத்த வீட்டுக்காரர். கோபித்துக்கொண்டு ஒதுங்குவது, ஆனால் யாராவது வந்து சமாதானம் செய்வார்கள் என்ற கணக்கோடு ஒதுங்குவது. மலாயில் அந்தச் சமாதானத்துக்கு ‘பூஜுக்’, பழந்தமிழில் ‘ஊடல் உணர்த்துதல்’. இரண்டு மொழியிலும் நோய்க்குப் பக்கத்திலேயே மருந்தின் பெயரும் இருக்கிறது. ‘ஜாவு ஹாத்தி’, சொல்லுக்குச் சொல் ‘தூர மனம்’, மனம் புண்பட்டு ஒதுங்கியதைச் சொல்வது. ‘தூர’ என்று பார்த்தவுடன் எஸ்ட்ரேஞ்ச் என்று போட்டுவிடக் கூடாது, அதில் இன்னும் வலி இருக்கிறது. ‘ரெங்கங்’ என்பது இறுக்கம் தளர்ந்து இடைவெளி விழுவது. பலகைகளுக்கும் சொல்லலாம், உறவுக்கும் சொல்லலாம். நம் ‘விரிசல்’ போல, ஆனால் உடையும் சத்தம் இல்லாதது.

‘தாவார் ஹாத்தி’தான் அசல். பேராக்கில் ஆயர் தாவார் என்ற ஊர் நம்மவர்களுக்குத் தெரியும். ஆயர் தாவார் என்றால் உப்பில்லாத நீர், நன்னீர். ‘தாவார்’ என்றால் உப்போ சுவையோ இல்லாதது. மனம் தாவார் ஆகிவிட்டது என்றால் பிடிப்பும் ஆசையும் போய்ச் சப்பென்று ஆகிவிட்டது. தளத்தில் தேடும்போது ஒரு எச்சரிக்கை: பாசாரில் பேரம் பேசுவதும் ‘தாவார்’தான், அது தனிச்சொல், தனி எண்ணில் இருக்கும். அவசரத்தில் அதை எடுத்தால் ‘பேரம் பேசும் மனம்’ என்று ஆகிவிடும்.

இதே உப்பைத் திருக்குறளும் எடுத்துப் போட்டிருக்கிறது. 1302ஆம் குறள்:

உப்பமைந் தற்றால் புலவி அதுசிறிது
மிக்கற்றால் நீள விடல்.

புலவி, அளவாக இட்ட உப்பு. அதை நீளவிட்டால் உப்புக் கரித்துவிடும். நாலு குறள் தள்ளி, 1306இல், துனியும் புலவியும் வருகின்றன. புலவி இளைய சண்டை, துனி முற்றிய சண்டை என்பது பரிமேலழகர் பிரிக்கும் பிரிவு. ஊடல், புலவி, துனி என்று படிப்படியாக ஏறும் இந்த அளவுகோலைக் கவனித்தால் ஒன்று தெரியும். எல்லாப் படியிலும் உப்பு ஏறிக்கொண்டேதான் போகிறது. உப்பே இல்லாமல் போகும் திசையில் ஒரு படியும் இல்லை. தொல்காப்பியம் அடுக்கும் புணர்தல், பிரிதல், இருத்தல், இரங்கல், ஊடல் என்ற ஐந்திலும் இந்த நிலைக்கு இடமில்லை. அங்கே பிரிதல் என்பது பொருள் தேடிப் பாலை நிலம் கடந்து போவது, ஆள் போகிறான், மனம் போவதில்லை. நம் நிலைமை அதற்கு நேர்மாறு. ஆள் எதிரிலேயே உட்கார்ந்து ரொட்டி சானாய் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறான்.

எழுத்துத் தமிழ் விட்ட இந்த இடத்தைப் பேச்சு பிடித்துக்கொண்டது. ‘மனசு விட்டுப்போச்சு’, ‘தாவார் ஹாத்தி’க்கு இதைவிட நெருங்கிய தமிழ் இல்லை. ஆனால் இதை எழுதும்போது ஒரு எழுத்தில் வழுக்கும். ‘மனசு விட்டுப் பேசினான்’ என்றால் ஒளிக்காமல் பேசினான், ‘மனசு விட்டுப்போச்சு’ என்றால் பிடிப்பே போயிற்று. முதலாவதில் விடுகிறவன் ஆள், மனசு செயப்படுபொருள். இரண்டாவதில் மனசே எழுவாய், அதுவாகக் கழன்று போகிறது. ‘போ’ துணைவினையாக ஒட்டி நிற்பதால் ‘விட்டுப்போச்சு’ என்று சேர்த்து எழுதுவதே சரி. பிரித்து எழுதினால் எங்கோ கிளம்பிப் போன மாதிரி ஆகிவிடும். ‘மனசு’ இல்லாமல் வெறும் ‘விட்டுப்போச்சு’ என்றால் கல்யாணப் பத்திரிகைப் பட்டியலில் பெயர் விடுபட்டுப்போன கதை. அதுவும் இந்த ஊரில் உறவு கெடப் போதுமான காரணம்தான் என்பது வேறு விஷயம். பழைய ‘உப்புச் சப்பில்லாத’ என்ற தொடரும் கைவசம் இருக்கிறது. “உப்புச் சப்பில்லாம ரெண்டு வார்த்தை பேசிட்டு வச்சுட்டான்” என்றால் முழு நிலைமையும் வந்துவிடுகிறது.

எழுதும்போது எதை எடுப்பது

நடந்த ஒரு காரணம் இருந்து, சரிசெய்ய வழியும் இருந்தால் மனஸ்தாபம். ஒருவர் தானாகத் தள்ளிப்போனால் ஒதுங்கினார், அல்லது ‘மனம்’ சேர்த்து விலகினார். தள்ளப்பட்டால் ஒதுக்கினார்கள். ‘விலக்கினார்கள்’ என்பதற்கு மதுவிலக்கு, விதிவிலக்கு, வீட்டு விலக்கு என்று ஏற்கெனவே நிறைய வேலை இருப்பதால் உறவுக்கு அது கனம் கூடிய சொல். காரணமே சொல்ல முடியாத வற்றல் என்றால் பேச்சில் ‘மனசு விட்டுப்போச்சு’, ‘ஒட்டல’, எழுத்தில் ‘ஒட்டுதல் இல்லாமல் போயிற்று’, செய்யுளில் நொதுமல்.

நீதிமன்றத் தாளோ சட்ட உதவிக் குறிப்போ என்றால் இந்த நயமெல்லாம் கூடாது. செய்திகளில் வரும் ‘எஸ்ட்ரேஞ்ச்டு’ கணவரை வழக்கமாகப் ‘பிரிந்து வாழும் கணவர்’ என்று போட்டுவிடுகிறோம். மலேசியாவில் முஸ்லிம் அல்லாதோருக்கான 1976ஆம் ஆண்டுத் திருமணச் சட்டத்தில், மணவாழ்வு முறிந்ததற்குக் காட்டக்கூடிய ஆதாரங்களில் ஒன்று, மனு போடுவதற்கு முன் குறைந்தது 2 ஆண்டு தொடர்ந்து பிரிந்து வாழ்ந்தது. அங்கே நாள் கணக்கு முக்கியம். ஒரே வீட்டில் முகம் கொடுக்காமல் இருக்கிறவரைப் ‘பிரிந்து வாழ்கிறார்’ என்று மொழிபெயர்த்தால் வாக்குமூலத்தின் பொருளே மாறிவிடும். ‘ஒரே வீட்டில் இருந்தும் உறவின்றி இருக்கிறார்’ என்று நீட்டி எழுதுவதில் தவறில்லை.

மொத்தத்தில், வரிசை இப்படி இருந்தால் நேரம் மிச்சம்: முதலில் க்ரியாவில் இன்றைய வாக்கியம், பிறகு லெக்சிகனில் வினை வகையும் பிறப்பும், சந்தேகம் தீராவிட்டால் பி.ஆர்.பி.எம்.இல் மலாய் இணையைப் பார்த்துவிட்டுத் திரும்ப லெக்சிகன். கைப்பேசிக் கடைகளில் கிடைக்கும் பெயர் தெரியாத இலவசச் செயலிகள் பலவற்றில் வினை வகையும் இருக்காது, எடுத்துக்காட்டும் இருக்காது. ‘விலகு’க்கும் ‘விலக்கு’க்கும் ஒரே ஆங்கிலச் சொல்லைப் போட்டிருந்தால் அந்த நிமிடமே நீக்கிவிடலாம்.

க்ரியாவை மஸ்ஜிட் இந்தியாவிலோ பிரிக்பீல்ட்ஸிலோ பினாங்கு லிட்டில் இந்தியாவிலோ தமிழ்ப் புத்தகக் கடையில் பார்த்தால், காசு கொடுக்குமுன் உள்பக்கத்தில் பதிப்பு ஆண்டைப் பாருங்கள். பழைய பதிப்பும் புதிய பதிப்பும் ஒரே அலமாரியில் இருக்கும், அட்டையை மட்டும் பார்த்து எடுத்தால் 2008 கைக்கு வந்துவிடும். தடித்த புத்தகம், ஆகவே நடுப்பக்கத்தைத் திறந்து மேசையில் வைத்துக் கட்டு விரிகிறதா என்றும் பாருங்கள். அப்படியே ‘ஒட்டு’ என்ற பதிவைத் திறந்து, எதிர்மறையில் மனிதர்களைப் பற்றி ஒரு வாக்கியமாவது இருக்கிறதா என்று தேடுங்கள். கடைக்காரர் அவசரப்படுத்த மாட்டார், அகராதி வாங்க வருகிறவர்கள் அவருக்கு அபூர்வம்.